வெட்டியது எங்கே போகிறது?

என் தங்கை வாழ்க்கைப்பட்ட ஊர் அத்திப்பட்டு. இந்தப் பெயரைச் சொன்ன மாத்திரத்தில் கேட்பவர்களில் பாதிப் பேருடைய முகத்தில் ஒரு புன்னகை வரும். "அஜித் படத்தில் வருமே, தேசப் படத்திலிருந்தே அழித்துவிடுவார்களே, அந்த ஊரா?" என்பார்கள். 2001-ல் வந்த 'சிட்டிசன்' படத்தில் வருவது அத்திப்பட்டி. அது கதை எழுதியவர் கட்டிய ஊர், அவரே இடித்துக்கொண்டார். இது அத்திப்பட்டு. சென்னையிலிருந்து கும்மிடிப்பூண்டிக்குப் போகும் மின்சார ரயிலில் எண்ணூரைத் தாண்டினால் முதலில் அத்திப்பட்டு புதுநகர், அதற்கடுத்தது அத்திப்பட்டு. நாளது தேதி வரையில் ரயில் அங்கே நிற்கிறது. ஜனங்கள் ஏறி இறங்குகிறார்கள். "ஒரு 'டி'க்கும் ஒரு 'டு'வுக்கும் உள்ள வித்தியாசத்தில் நாங்கள் பிழைத்துக் கிடக்கிறோம்" என்று என் மைத்துனர் வேடிக்கையாகச் சொல்வதுண்டு.

சென்ற மாதம் அங்கே போயிருந்தேன். அந்தி நேரம். அனல் மின் நிலையத்துப் புகைபோக்கிகளின் மேல் விளக்கு ஏற்றியாகிவிட்டது. வாசற்படியில் என் மருமான் உட்கார்ந்து கைப்பேசியைக் கட்டைவிரலால் தடவிக்கொண்டிருந்தான். துறைமுகத்துக்குப் போகிற கன்டெய்னர் லாரிகளுக்குக் கணக்கு எழுதுவது அவனுடைய உத்தியோகம். மற்ற நேரங்களில் தெரிந்தவர் வீட்டு விசேஷங்களைப் படம் பிடித்து, கைப்பேசியிலேயே வெட்டி ஒட்டி, பாட்டுச் சேர்த்துக் கொடுப்பான். அன்றைக்குப் பக்கத்து வீட்டு வளைகாப்பு. நான் ஒரு டம்ளர் காப்பியைக் குடித்து முடிப்பதற்குள் படத்தை முடித்து அனுப்பியும்விட்டான்.

"இதற்குக் கோடம்பாக்கத்தில் ஓர் அறையும், ஓர் இயந்திரமும், மூன்று ஆட்களும் வேண்டியிருந்ததடா" என்றேன்.

"மாமா, இதை நீங்க ஒவ்வொரு தடவையும் சொல்றீங்க."

வாஸ்தவம்தான். வயதானவர்கள் சொன்னதையே சொல்லும் ஜாதி. ஆனால் இந்த விஷயத்தை நான் திருப்பித் திருப்பிச் சொல்வதற்கு வேறு ஒரு காரணம் இருக்கிறது. அது அவனுக்கும் எனக்கும்தான் தெரியும். இன்றைக்கு வாசகர்களுக்கும் சொல்லிவிடுகிறேன்.

சுமார் நாற்பது வருஷங்களுக்கு முன்பு என் கதை ஒன்றைப் படமாக்க ஆரம்பித்தார்கள். (படம் வெளிவரவில்லை, ஆகவே பெயரைத் தேட வேண்டாம்.) அந்தச் சாக்கில் சில நாட்கள் எடிட்டிங் அறையில் உட்கார்ந்திருந்தேன். அங்கே மூவியோலா என்ற இயந்திரம் இருந்தது. 1924-ல் அமெரிக்காவில் செரூரியே என்பவர் செய்தது. தையல் இயந்திரத்துக்கும் மாவரைக்கும் இயந்திரத்துக்கும் பிறந்த குழந்தை மாதிரி இருக்கும், சத்தமும் அப்படித்தான். முப்பத்தைந்து மில்லிமீட்டர் பிலிமில் ஓர் அடிக்கு 16 பிரேம்; ஒரு விநாடிக்கு 24 பிரேம் ஓட வேண்டும். கணக்குப் போட்டால் ஒரு நிமிஷத்துக்கு 90 அடி. 1000 அடிச் சுருள் பதினோரு நிமிஷம். ஒருவர் கண் சிமிட்டுவதற்குள் அரை அடி பிலிம் ஓடிவிடும்.

என்னைக் கவர்ந்தது இயந்திரமல்ல. அறையின் மூலையில், உள்ளே துணி தைத்த ஒரு பெரிய தொட்டி இருந்தது. அதன் மேல் ஒரு சட்டம். சட்டம் முழுதும் ஊசிகள். வெட்டி எடுத்த துண்டுகளையெல்லாம் அந்த ஊசிகளில் மாட்டித் தொங்கவிட்டிருப்பார்கள். இரண்டு அடித் துண்டு, முக்கால் அடித் துண்டு, எல்லாவற்றுக்கும் நம்பர் உண்டு. மூன்று நாள் கழித்து டைரக்டர் வந்து, "அந்தப் பெண் முகத்தைத் திருப்பிக்கொள்வாளே, அது வேண்டும்" என்றால், உதவியாளப் பையன் தொட்டிக்குள் கைவிட்டு அரை நிமிஷத்தில் எடுத்துக் கொடுப்பான்.

தமிழ்ப் படவுலகில் கத்தரி பிடித்துப் பழகியவர்களுக்கு எப்போதுமே ஒரு தனி மதிப்பு உண்டு. பீம்சிங் எடிட்டிங் அறையிலிருந்து வந்துதான் டைரக்டரானார். அவருடைய பிள்ளை லெனின் எடிட்டராகவே பெயர் எடுத்தார். என் கதையைத் தொகுத்தவர் அவ்வளவு பிரபலஸ்தர் அல்லர். ஆனால் அவர் ஒரு நாள் சொன்னதை நான் மறக்கவில்லை: "வெட்டுகிறது பெரிய வித்தை இல்லை, சார். வெட்டினது எங்கே இருக்கு என்று தெரிந்து வைத்திருப்பதுதான் வித்தை."

மறக்கவில்லையே தவிர, பாதியைத்தான் காதில் வாங்கிக்கொண்டேன் போலிருக்கிறது. வெட்டுவது என்ற பாதி மட்டும் எனக்குப் பிடித்துவிட்டது. இளம் எழுத்தாளர்கள் கையெழுத்துப் பிரதியைக் கொண்டுவந்து அபிப்பிராயம் கேட்டால், "முதல் பக்கத்தைக் கிழித்துப் போடு தம்பி, உன் கதை இரண்டாம் பக்கத்தில்தான் ஆரம்பிக்கிறது" என்பேன். பெரும்பாலும் அது சரியாகவே இருக்கும். சரியாக இருந்து இருந்து எனக்குக் கர்வம் வந்துவிட்டது.

2009-ஆம் வருஷம். மருமானுக்கு அப்போது பதினாறு வயது. பர்மா பஜாரில் பழைய நோக்கியா என்73 ஒன்று வாங்கி வந்திருந்தான். 2006-ல் வெளிவந்த மாடல். இப்போது நினைத்தால் சிரிப்பாக இருக்கும்: அகலத்தில் 352 புள்ளி, உயரத்தில் 288 புள்ளி, விநாடிக்கு 15 பிரேம். ஆனால் அந்தப் போனுக்குள்ளேயே ஒரு சின்ன எடிட்டிங் அறை இருந்தது. வெட்டலாம், இரண்டு துண்டுகளைச் சேர்க்கலாம், சத்தத்தை மாற்றலாம், எழுத்துப் போடலாம். நாலே நாலு வேலை. அதற்கும் முன்னால், 2004-ல் வந்த நோக்கியா 7610 போனிலேயே, எடுத்த படத்தைத் தானாகவே பாட்டோடு சேர்த்துக் கோத்துத் தரும் கருவி ஒன்று உண்டு. அதைச் செய்து கொடுத்தது மூவீ என்ற சிங்கப்பூர் நிறுவனம். ஆகவே, கைப்பேசியில் படம் தொகுப்பது இன்றைய சமாசாரம் என்று எண்ணுகிறவர்கள் சற்று நிதானிக்க வேண்டும். பித்தான் வைத்த போன்களிலேயே அது தவழ ஆரம்பித்துவிட்டது.

அந்தப் போனை வைத்துக்கொண்டு பையன் அவனுடைய ஆயாவைப் படம் பிடித்தான். ஆயா என்றால் என் தங்கையின் மாமியார். அத்திப்பட்டைச் சுற்றி உப்பளங்கள் இருந்த காலத்தில், பக்கிங்காம் கால்வாயில் படகேறி உப்பு பட்டணத்துக்குப் போன காலத்தில், கூடை சுமந்தவள். பிற்பாடு தலையில் உப்பு மூட்டையோடு ஊர் ஊராகப் போய்ப் படிக்கணக்கில் விற்றவள். "ஆயா கதையை நீ படமாக எடுத்து வை, நான் எழுதுகிறேன்" என்று அவனைத் தூண்டிவிட்டவன் நான்தான்.

படம் மொத்தம் மூன்றரை நிமிஷம் ஓடியது. முதல் ஒன்றரை நிமிஷம் வெறும் கலாட்டா. பையன் போனைத் திருப்பித் திருப்பி வைக்கிறான். "இன்னாடா இது, இதுக்குள்ளாற நான் கீறனா?" என்று ஆயா எட்டிப் பார்க்கிறாள். ஒரு கோழி குறுக்கே வருகிறது, அதைத் திட்டுகிறாள். "உப்பு எப்படி ஆயா அளப்பே?" என்று பையன் கேட்கிறான். போன் ஓடுவது தெரியாமல், வெறுங்கையாலேயே படியை முக்கி எடுத்துக் கொட்டிக் காண்பிக்கிறாள். "லாபம்... ரெண்டு... மூணு..." என்று ராகம் போட்டு எண்ணுகிறாள். "ஒண்ணு எங்கே ஆயா?" என்கிறான் பையன். "ஒண்ணுன்னு ஆரம்பிச்சா ஒண்ணோட நின்னுடும்டா, பைத்தியக்காரா! லாபம்னு ஆரம்பிக்கணும்" என்று சொல்லிவிட்டுச் சிரிக்கிறாள். பொக்கை வாய் நிறையச் சிரிப்பு. பிறகு பையன், "ஆரம்பிக்கலாம் ஆயா, இப்பதான் நெஜமா எடுக்கறேன்" என்கிறான். உடனே முந்தானையை இழுத்துப் போர்த்திக்கொண்டு, ரேடியோவில் பேசுகிறவளைப் போல் நிமிர்ந்து உட்கார்ந்து, "அந்தக் காலத்திலே நாங்கள்லாம் ரொம்பக் கஷ்டப்பட்டோம்" என்று ஆரம்பிக்கிறாள். அப்புறம் இரண்டு நிமிஷம் கஷ்டம்.

பையன் எனக்குப் போட்டுக் காண்பித்தான். "எப்படி மாமா?" என்றான்.

"முதல் ஒன்றரை நிமிஷத்தை வெட்டிவிடு. 'அந்தக் காலத்திலே' என்கிற இடத்தில்தான் கதை ஆரம்பிக்கிறது" என்றேன். அவன் அப்படியே வெட்டினான். வெட்டிய படம் புதிய பைலாகத் தனியாகப் பதிவாயிற்று. பழையது பழையபடி இருந்தது. போன் தன் கடமையைச் சரியாகச் செய்தது. ஆனால் மெமரி கார்டு நிறைந்திருந்தது. "இடம் இல்லை மாமா, என்ன பண்ணட்டும்?" என்றான் பையன். "அதான் நல்லது தயாராகிவிட்டதே, பழையதை அழித்துவிடு" என்றேன்.

அடுத்த வருஷம் மார்கழியில் ஆயா காலமானாள். பதினாறாம் நாள் உறவுக்காரர்கள் கூடியிருந்தபோது யாரோ ஞாபகப்படுத்த, பையன் அந்தப் படத்தைக் கம்ப்யூட்டரில் போட்டான். எல்லோரும் மௌனமாகப் பார்த்தார்கள். முடிந்ததும் ஆயாவின் மகள், என் தங்கையின் நாத்தனார், மூக்கைச் சிந்திக்கொண்டே சொன்னாள்: "அம்மாதான், ஆனா அம்மா மாதிரியே இல்லையே!"

பையன் என்னைப் பார்த்தான். நான் கதவு நிலையைப் பார்த்தேன்.

அன்றுமுதல் இந்தக் கைப்பேசிக் கத்தரிகளை நான் ஒரே ஒரு கேள்வியோடுதான் பார்த்து வருகிறேன்: வெட்டியது எங்கே போகிறது? வேடிக்கை என்னவென்றால், இந்தச் செயலிகளின் ஆரம்ப காலச் சரித்திரமே அந்தக் கேள்விக்கான பதிலாகத்தான் இருக்கிறது.

கம்ப்யூட்டர்காரர்கள் இதை முன்பே தீர்த்து வைத்திருந்தார்கள். 1994-ல் கமல்ஹாசனின் 'மகாநதி', ஆவிட் என்ற கணினி முறையில் தொகுக்கப்பட்டது. அங்கே வெட்டுவது என்பது பெயருக்குத்தான். மூலப் படத்தை யாரும் தொடுவதில்லை. 'இந்த இடத்திலிருந்து இந்த இடம் வரை காட்டு, பிறகு அங்கே போ' என்று ஒரு குறிப்பு எழுதிக்கொள்கிறார்கள், அவ்வளவுதான். துணித் தொட்டியும் ஊசியும் கணினிக்குள் போய்விட்டன என்று வைத்துக்கொள்ளுங்கள்.

ஆனால் இந்த ஞானம் கைப்பேசிக்கு இறங்கி வருவதற்கு நாளாயிற்று. ஆயாவைப் படம் பிடித்த அதே 2009-ல்தான் ஐபோன் 3ஜிஎஸ் வந்தது. ஐபோன் வரிசையில் வீடியோ எடுக்கக்கூடிய முதல் போன் அது. எடுத்த படத்தின் தலையிலும் வாலிலும் மஞ்சள் கைப்பிடிகளை இழுத்து நறுக்கலாம். நடுவில் கைவைக்க முடியாது. மூலத்தையே நறுக்கச் சொல்லிவிட்டால், போனது போனதுதான். அந்த வருஷக் கடைசியில் ரீல்டைரக்டர் என்ற செயலி வந்தது; துண்டுகளை வரிசையாக அடுக்கி ஒட்டுவதற்கு வழி பிறந்தது. 2010 ஜூனில் ஐபோன் 4-உடன் ஐமூவி வந்தது. 1999-லிருந்து மேஜைக் கணினியில் இருந்துவந்த செயலியை உள்ளங்கைக்குச் சுருக்கி, 4.99 டாலர் விலை வைத்தார்கள். அதில் குறிப்பு வேறு, படம் வேறு. குறிப்பை எத்தனை தடவை மாற்றினாலும் படத்துக்குக் காயம் இல்லை.

2011-ல் ஆண்ட்ராய்டின் 3.0 பதிப்போடு மூவி ஸ்டூடியோ என்ற ஒன்றைக் கூகுள் கொடுத்தது. அது பெரிதாக எடுபடவில்லை. 2013 ஜனவரியில் வந்த வைன், எல்லாவற்றையும் தலைகீழாக்கியது. ஆறே விநாடி. விரலை வைத்தால் படம் ஓடும், எடுத்தால் நிற்கும். விரல்தான் கத்தரி! வேண்டாததை வெட்டுவது என்ற பேச்சே இல்லை. வேண்டாதபோது விரலை எடுத்துவிட வேண்டும். அதே 2013-ல் தென்கொரியாவிலிருந்து கைன்மாஸ்டர் வந்தது. படத்தின் மேல் எழுத்து, எழுத்தின் மேல் பூ, பூவின் மேல் குரல் என்று அடுக்கடுக்காக வைக்கலாம். காசு கொடுக்காதவர்களுடைய படத்தின் மூலையில் செயலியின் பெயர் அச்சாகும். 2016 செப்டம்பரில் ஜியோ வந்து இணையம் மலிவானதற்குப் பின்னால், எங்கள் பக்கத்தில் காதுகுத்திலிருந்து கருமாதிவரை அந்த முத்திரையோடு வராத படமே இல்லை என்று சொல்லலாம். சீனாவின் விவாவீடியோவையும் பலர் வைத்திருந்தார்கள். 2020 ஜூன் 29 அன்று மத்திய சர்க்கார் தடை செய்த 59 செயலிகளில் அதுவும் ஒன்று. அப்போதுதான் பையன்களுக்கு வேறொரு பாடம் தெரிந்தது: குறிப்பு எழுதிவைத்த செயலியே போய்விட்டால் குறிப்பும் போச்சு. சமையல் குறிப்பை ஒருவர் மனசில் மட்டும் வைத்திருந்து, அவர் ஊரைவிட்டுப் போன கதைதான்.

நறுக்கிய வீடியோவை எப்போது வேண்டுமானாலும் பழையபடி மூலத்துக்குத் திருப்பிக்கொள்ளும் வசதி, ஐபோனின் படப் பெட்டகத்தில் 2019-ல்தான் வந்தது. நறுக்குகிற கைப்பிடி வந்தது 2009. நறுக்கியதைத் திருப்பித் தரும் பொத்தான் வந்தது 2019. பத்து வருஷம்! மனித ஸ்வபாவமும் அப்படித்தானே? வெட்டக் கற்றுக்கொள்ள ஒரு நாள் போதும். வைத்துக்கொள்ளக் கற்றுக்கொள்ளப் பத்து வருஷம் பிடிக்கிறது.

இதனால் எல்லாவற்றையும் சேர்த்து வைத்துக்கொள்ள வேண்டும் என்று நான் வாதாட வரவில்லை. மருமான் இப்போது அப்படித்தான் செய்கிறான். எடுத்த படம் எதையும் அழிப்பதில்லை. பீரோவில் அவன் அம்மாவின் பட்டுப் புடவைகளுக்குப் பக்கத்தில் நாலு ஹார்டு டிஸ்க் இருக்கிறது. அதிலே என்ன இருக்கிறது என்று அவனுக்கே தெரியாது. தொட்டி இருந்தால் மட்டும் போதாது. நம்பர் போட ஒரு பையனும் வேண்டும். ஆனால் ஒன்றில் அவன் என்னைவிடக் கெட்டிக்காரன். வயதானவர்களைப் படம் எடுக்கும்போது "ஆரம்பிக்கலாமா?" என்று கேட்பதே இல்லை. ஆரம்பித்துவிட்டுத்தான் பேச்சுக் கொடுக்கிறான்.

நானும் எழுத்தாளர்களுக்கு யோசனை சொல்வதைக் குறைத்துக்கொண்டிருக்கிறேன். முதல் பக்கத்தைக் கிழிக்கச் சொன்னால், மடித்து மேஜை டிராயரில் வைக்கவும் சொல்கிறேன். ஊர்களுக்கு அப்படி ஒரு டிராயர் கிடையாது. இங்கே அனல் மின் நிலையத்தின் முதல் அலகு 1994-ல் ஓடத் தொடங்கியது. 2001-ல் எண்ணூரில் புதுத் துறைமுகம் திறந்தார்கள். மின்சாரம் வேண்டாம், துறைமுகம் வேண்டாம் என்று நான் சொல்லமாட்டேன். என் மருமான் சாப்பிடுவதே துறைமுகச் சோறு. ஆனால் ஆயா கூடை சுமந்த பாத்தி எது, அவள் உப்பு ஏற்றிய படித்துறை எது என்று கேட்டால், கையை நீட்டிக் காண்பிக்க இன்றைக்கு அந்த வீட்டில் ஆள் இல்லை. ஒருவேளை அந்த ஒன்றரை நிமிஷத்தில் அவள் அதையும் சொன்னாளோ என்னவோ. நான் கவனிக்கவில்லை. கோழியைத் திட்டுவதாக நினைத்துக்கொண்டிருந்தேன்.

அன்று அந்தி நேரத்தில், வளைகாப்புப் படத்தை அனுப்பி முடித்ததும், மருமான் என்னைப் பார்த்து, "மாமா, ஒண்ணு காட்டறேன், வாங்க" என்றான். ஆயாவின் படத்தை எடுத்தான். எனக்கு வயிற்றைக் கலக்கியது. ஆனால் அவன் அதை ஓட்டவில்லை. தொடக்கத்திலேயே நிறுத்தி, ஒவ்வொரு பிரேமாக நகர்த்தினான்.

"அப்ப நாம 'அந்தக் காலத்திலே'ன்னு சொல்ற இடத்துல வெட்டினோம் இல்ல? போன் அங்க வெட்டலை மாமா" என்றான்.

அவன் விளக்கியதை எனக்குப் புரிந்தவரையில் சொல்கிறேன். விநாடிக்கு 15 பிரேமையும் முழுசு முழுசாக எழுதினால் கார்டு தாங்காது. ஆகவே ஒரு பிரேமை முழுசாக எழுதிவிட்டு, அடுத்தவற்றில் முன்னதிலிருந்து எது மாறியதோ அதை மட்டும் எழுதுகிறார்கள். முழுப் பிரேம் உள்ள இடத்தில் வெட்டுவது சுலபம். நடுவில் வெட்டினால் 'எதிலிருந்து மாறியது?' என்ற கேள்விக்குப் பதில் இல்லாமல் போகும். அதனால் எளிய கருவிகள் சொன்ன இடத்தில் வெட்டாமல், அதற்கு முந்தைய முழுப் பிரேமுக்குப் போய் அங்கே வெட்டிவிடும். இங்கேயும் அப்படித்தான் நடந்திருக்க வேண்டும் என்பது அவன் ஊகம்.

எது எப்படியோ, நான் வெட்டச் சொன்ன இடத்துக்கு முன்னால் அரை விநாடி தப்பித்திருந்தது. எட்டு பிரேம். பிலிமாக இருந்தால் அரை அடி. ஓட்டத்தில் கண்ணுக்குப் பிடிபடாது. இத்தனை வருஷமாக எங்களுக்குப் பிடிபடவில்லை.

அந்த எட்டு பிரேமில் ஆயா இன்னும் நிமிர்ந்து உட்காரவில்லை. ஒரு கை முந்தானையைத் தேடுகிறது. மற்றொரு கை, உப்பை அளந்து கொட்டிய கை, இன்னும் கீழே இறங்கவில்லை. வாய் திறந்திருக்கிறது. சத்தம் ஒரு துளி கேட்கிறது. அதை வார்த்தை என்று சொல்ல முடியாது.

"அத்தைக்கு அனுப்பினியா?" என்று கேட்டேன்.

"அனுப்பினேன், மாமா. ஒண்ணும் சொல்லலை. திரும்ப அனுப்பச் சொன்னாங்க. அவங்க போன்ல எங்கேயோ அழிஞ்சுபோச்சாம்."